மூன்றாம் ஓலை

எங்கள் கத்தோலிக்கப் பங்கில் கல்யாணம் நிச்சயமானால் கோயிலில் ஓலை வாசிப்பார்கள். ஓலை என்றால் பனையோலை இல்லை, சாதாரண வெள்ளைத்தாள்தான். பேர் மட்டும் பழைய பேர். கல்யாணத்துக்கு முந்தி மூன்று ஞாயிறு, பூசை முடிகிற நேரத்தில் சாமியார் மைக்கில் வாசிப்பார். இன்னாருடைய மகனுக்கும் இன்னாருடைய மகளுக்கும் திருமணம் நிச்சயிக்கப்பட்டிருக்கிறது, இதற்குத் தடை ஏதும் இருப்பதாக அறிந்தவர்கள் பங்குத்தந்தையிடம் அறிவிக்கக் கடமைப்பட்டிருக்கிறார்கள் என்று. கோயில் கோபுரத்தில் கட்டியிருக்கிற குழாய் ஒலிபெருக்கியில் அது கடற்கரைச் சாலை வரைக்கும் கேட்கும். பூசைக்குப் போகாத சோம்பேறிகளும் பாயில் புரண்டுகொண்டே யாருக்கு யாரோடு என்று தெரிந்துகொள்வார்கள்.

தடை இருக்கிறது என்று யாரும் போய்ச் சொல்லி நான் கேள்விப்பட்டதில்லை. அது சும்மா ஒரு வாசகம் என்றுதான் நினைத்திருந்தேன்.

என் முதல் ஓலையை நான் மொட்டைமாடியில் நின்று கேட்டேன். அவன் அப்போது மாலத்தீவில் இருந்தான். போனைத் தலைக்கு மேலே தூக்கி ஒலிபெருக்கிப் பக்கம் பிடித்துக்கொண்டு நின்றேன், அவனும் கேட்கட்டும் என்று. கை கடுத்தது. வாசித்து முடித்ததும் காதில் வைத்தால் அங்கே அவன் தோணியில் இருந்த அத்தனை பேரும் சேர்ந்து கத்துகிறார்கள். எதிர்வீட்டு அக்கா துணி காயப்போட வந்தவள் என்னைப் பார்த்துவிட்டு, "ஆசைக்கு வெக்கம் தெரியாதுன்னு சொல்லுதது சரியாத்தான் இருக்கு" என்றாள். "எதுக்கு வெக்கப்படணும்? என் பேரத்தான வாசிக்காக" என்றேன். எனக்கு வாய் கொஞ்சம் நீளம்.

அவன் தோணியில் இன்ஜின் டிரைவர். பழைய துறைமுகத்திலிருந்து வெங்காயமும் செங்கலும் சிமெண்டும் ஏற்றிக்கொண்டு தீவுகளுக்குப் போகிற பெரிய மரத்தோணி. அந்தத் தோணிக்குச் சரக்குப் பேப்பர் போடுகிற ஏஜென்சி ஆபீஸில் எனக்கு வேலை. முதல் நாள் வந்தவன், கிரீஸ் அப்பிய கையை என் மேசையில் இருந்த பேப்பர் மேல் வைத்தான். ஐந்து விரலும் அச்சாக விழுந்தது. மறுபடி எல்லாம் டைப் அடிக்க வேண்டும். "முதல்ல கையக் கழுவிட்டு வாங்க, பெறகு பேசலாம்" என்று கத்தினேன். போய்க் கழுவிவிட்டு வந்து, பள்ளிக்கூடத்துப் பிள்ளை டீச்சரிடம் காட்டுகிற மாதிரி இரண்டு கையையும் திருப்பித் திருப்பிக் காட்டினான். எனக்குச் சிரிப்பு வந்துவிட்டது. அதோடு போயிற்று என் கெட்டிக்காரத்தனம் எல்லாம்.

இரண்டு வருஷம். காதலித்தோம் என்று சொன்னால் போதாது, பைத்தியம் பிடித்து அலைந்தோம். தோணி திரும்புகிறது என்றால் அவன் அம்மாவுக்குத் தெரிவதற்கு முந்தி ஆபீஸில் எனக்குத் தெரிந்துவிடும். பேப்பரில் கையெழுத்து வாங்க வேண்டும் என்று ஒரு பொய்யைச் சொல்லிவிட்டு ஸ்கூட்டியில் போய் நிற்பேன். அவன் பலகையில் நடந்து இறங்க மாட்டான், குதிப்பான். உப்பளத்துச் சாலையில், கீற்றுப் போட்டு மூடிய உப்பு அம்பாரத்துக்குப் பின்னால் வைத்துத்தான் முதலில் முத்தமிட்டான். டீசலும் வேர்வையும் கலந்து ஒரு வாடை அவன் மேல் இருக்கும். அந்த வாடையை மோந்தால்தான் எனக்கு அன்றைக்குச் சோறு இறங்கும். சண்டையும் போடுவோம், சாதாரணச் சண்டை இல்லை, போனை உடைக்கிற சண்டை. இரண்டு நாள் பேச மாட்டோம். மூன்றாம் நாள் ஒரு பொட்டலம் மக்ரூனோடு ஆபீஸ் வாசலில் நிற்பான், பாதியை அவனே தின்றிருப்பான்.

அவன் அம்மாவுக்கு என்னைப் பிடிக்கவில்லை. சொந்த வீடு இல்லாத பெண், வாய்த்துடுக்கு, கறுப்பு என்று மூன்று காரணம். மூன்றும் உண்மைதான், நான் என்ன செய்ய? அவன் வீட்டில் சாப்பிடாமல் கிடந்து, அடுத்த தோணியில் ஏற மாட்டேன் என்று அடம்பிடித்து, கடைசியில் அந்த அம்மா எங்கள் வீட்டுக்கு வந்து அரை மனதாகத் தட்டு மாற்றிவிட்டுப் போனாள். எங்கள் அப்பா அப்போது சரக்குக் கப்பலில் இருந்தார். கல்யாணத்துக்கு நேராக வந்து இறங்குவதாகப் பேச்சு. முதல் ஓலை விழுந்தது. தோணியும் திரும்பி வந்தது. இரண்டாம் ஓலையும் விழுந்தது.

அதற்கடுத்த புதன்கிழமை அவன் என்னைக் கடற்கரைக்குக் கூட்டிக்கொண்டு போனான். பைக்கை நிறுத்திவிட்டு இறங்காமல் அதன் மேலேயே உட்கார்ந்திருந்தான்.

"ஏளா, எனக்கு முடியல" என்றான்.

"என்ன முடியல? வயிறா?"

"கல்யாணம். முதல் ஓலை வாசிச்ச அன்னைக்குச் சந்தோசமாத்தான் இருந்துச்சு. ஊருக்கு வந்து ரெண்டாவது ஓலையக் கேட்டேன் பாரு, நெஞ்சடைச்சுப் போச்சு. உன்னப் பாக்க வரணும்னாலே இப்பம் பயமா இருக்கு. பொய் சொல்ல எனக்குத் தெரியாது. அதான் சொல்லுதேன்."

"வேற எவளும் இருக்காளா?"

"சத்தியமா இல்ல."

இருந்திருந்தால் நன்றாக இருந்திருக்கும். அவளை ஏசி ஏசியாவது நான் ஆறியிருப்பேன். ஒருத்தியும் இல்லாமல், ஒரு குற்றமும் சொல்லாமல், சும்மா நான் வேண்டாம் என்கிறவனை என்ன செய்வது? கையில் அவனுடைய ஹெல்மெட் இருந்தது. அதைக் கடலில் எறிந்தேன். அது மூழ்கவில்லை. அலையில் ஏறி இறங்கிக் கரைக்கே திரும்பி வந்தது. இதைக்கூட ஒழுங்காக எறியத் தெரியவில்லையே என்று அந்த நேரத்திலும் எனக்கு ஒரு கோபம். அவன் ஹெல்மெட்டை எடுக்கவில்லை. நான் நடந்தே வீட்டுக்கு வந்தேன். அவன் பின்னால் வருகிறானா என்று திரும்பிப் பார்க்கக் கூடாது என்று நினைத்துக்கொண்டே ஒவ்வொரு முக்கிலும் திரும்பிப் பார்த்தேன்.

அம்மாவிடம் சொன்னேன். அவள் தலையில் அடித்துக்கொள்ளவில்லை, அழவும் இல்லை. "யாரிட்டயும் மூச்சு விடாத. கோவத்துல சொல்லியிருப்பான், ரெண்டு நாள்ல சரியாயிரும்" என்றாள். ஆபீஸுக்குப் போன் பண்ணி எனக்குக் காய்ச்சல் என்று அவளே சொல்லிவிட்டாள்.

அந்த நாட்களை நான் உள்ளறையில் கழித்தேன். தெருப்பக்க ஜன்னலைச் சாத்திவிட்டேன். போனைக் கையில் வைத்துக்கொண்டே தூங்குவேன்; முழிப்பு வந்ததும் பார்ப்பேன். ஒன்றும் இருக்காது. நானும் கூப்பிட மாட்டேன். ரோசம். ரோசத்தை வைத்துக்கொண்டு என்ன செய்வது, அதைத் தின்ன முடியுமா? உடம்பு அவனைக் கேட்டது. இதை எழுதக் கூசுகிறது, ஆனாலும் அதுதான் உண்மை. பசி மாதிரி, தாகம் மாதிரி கேட்டது. அவனுடைய பழைய சட்டை ஒன்று என்னிடம் இருந்தது. அதை முகத்தில் போட்டுக்கொண்டு படுத்திருப்பேன். அதிலும் வாடை கொஞ்சம் கொஞ்சமாகப் போய்க்கொண்டிருந்தது.

ஊருக்கு அரசல்புரசலாகத் தெரிந்துவிட்டது. ஊர் வாயை மூட உலைமூடி ஏது? ஆனால் யாரும் என்னிடம் ஒன்றும் கேட்கவில்லை. அதுதான் பெரிய கொடுமை. கேட்டிருந்தால் சண்டையாவது போட்டிருப்பேன். எங்கள் வாசலுக்கு வந்ததும் பேசிக்கொண்டு வந்தவர்கள் குரலை இறக்குவார்கள். எதிர்வீட்டு அக்கா விளமீன் குழம்பு கொடுத்துவிட்டாள், கூட வந்து உட்காரவில்லை. இழவு வீட்டுக்குக் கொடுத்துவிடுகிற மாதிரி மூடி வைத்த கிண்ணம். குசினியில் அம்மாவிடம் அதைக் கொடுத்துவிட்டு, "எப்படி இருக்கா?" என்று கிசுகிசுத்துவிட்டுப் போனாள். நான் சுவருக்கு இந்தப் பக்கம்தான் இருக்கிறேன். எனக்குக் காது செத்துப் போகவில்லை, அக்கா.

அந்த ஞாயிறு எங்கள் கோயில் திருவிழா. ஆயர் வந்து பூசை வைத்ததால் அன்றைக்கு ஓலை வாசிக்கவில்லை; மூன்றாம் ஓலை ஒரு வாரம் தள்ளிப்போனது. ஊர் அதை வேறு மாதிரி எடுத்துக்கொண்டது. வாசிக்கவில்லையா, அப்போது நின்றுதான் போய்விட்டது என்று. சாயங்காலம் சப்பரம் எங்கள் தெருவுக்கு வந்தது. பேண்டுச் சத்தம் ஜன்னல் கதவை அதிர வைத்தது. ஒவ்வொரு வீட்டு வாசலிலும் நிற்கும். வீட்டார் வந்து மெழுகுதிரியும் பூவும் கொடுப்பார்கள். எங்கள் வாசலில் அம்மா மட்டும் நின்றாள். மூன்றாம் வயதிலிருந்து ஒரு வருஷம்கூட நான் அங்கே நிற்காமல் இருந்ததில்லை. சட்டையை வாயில் கடித்துக்கொண்டு கிடந்தேன். சப்பரம் நகர்ந்து போன பிறகு தெருவில் ஒரு சத்தமும் இல்லை. இந்த உலகத்தில் எனக்கு யாருமே இல்லை என்று அப்போது தோன்றியது. அப்படித்தான் தோன்றியது, மிகைப்படுத்தவில்லை.

கல்யாணம் நின்றதை யார் சாமியாரிடம் சொன்னார்கள் என்று நான் கேட்கவே இல்லை. பெரியவர்கள் சொல்லியிருப்பார்கள் என்று இருந்துவிட்டேன். இல்லை, அது முழு உண்மை இல்லை. யாரும் இன்னும் சொல்லியிருக்கக் கூடாதே என்று உள்ளுக்குள் ஒரு நப்பாசை இருந்தது. சொல்லாதவரைக்கும் அது முடியவில்லை அல்லவா?

அடுத்த ஞாயிறு காலை முதல் பூசை. நான் படுத்துக்கிடந்தேன். ஒலிபெருக்கியில் பாட்டு முடிந்து அறிவிப்புகள் வந்தன. வாசித்தவர் புதிதாக மாற்றலாகி வந்த சின்னச் சாமி. குரல் இளங்குரல், ஒவ்வொரு பேரையும் நிறுத்தி நிதானமாக வாசித்தார். பங்குச்சாமி தியானத்துக்குப் போயிருந்தார். அன்பியக் கூட்டம், கல்லறைத் தோட்டத்தைச் சுத்தம் பண்ணுவது எல்லாம் சொன்னார். பிறகு, "மூன்றாம் முறையாக" என்று ஆரம்பித்து அவன் அப்பா பேர், அவன் அம்மா பேர், அவன் பேர். அடுத்து என் அப்பா பேர், என் அம்மா பேர்.

என் பேர்.

எழுந்து குசினிக்கு ஓடினேன். அம்மா இட்லிக் கொப்பரைக்கு முன்னால் நின்றிருந்தாள். மூடியைத் திறக்கவும் இல்லை, கையை எடுக்கவும் இல்லை.

"நீ சாமிகிட்டச் சொல்லவே இல்லையா?"

"நான் எதுக்குச் சொல்லணும்? நிறுத்துனது அவுக. அவன் அம்மா போய்ச் சொல்லட்டும்."

"அவுக சொல்லலயே!"

"சொல்ல மாட்டாளே, கள்ளி. யாரு முதல்ல போய்ச் சொல்லுதாகளோ அவுகதான் நிறுத்துனாகன்னு ஊரு சொல்லும். நான் ஏன் போவேன்?"

இதுதான் எங்கள் ஊர் நியாயம். இரண்டு வீடும் ஊருக்கு அந்தக் கோடியும் இந்தக் கோடியும். இரண்டு பெண்களும் அவள் போகட்டும், அவள் போகட்டும் என்று பத்து நாளாகக் கதவுக்குப் பின்னால் உட்கார்ந்திருந்திருக்கிறார்கள். பழி யார் தலையில் விழும் என்பதுதான் கவலை. நடுவில் என் பேரும் அவன் பேரும் ஊர் முழுக்க ஒலிபரப்பாகிவிட்டது.

அம்மா குரலைத் தணித்தாள். "வாசிச்சா வாசிச்சுட்டுப் போட்டும்ளா. நல்லதுக்குத்தான். மூணு ஓலையும் விழுந்தாச்சு. இனி ஊருக்கு முன்னால அவன் எப்படி மாட்டேங்குவான்? தானா வருவான் பாரு."

அப்போதுதான் புரிந்தது. அம்மா மறந்து போகவில்லை. இதற்காகத்தான் காத்திருந்தாள்.

நான் முகம் கழுவினேன். ஆபீஸுக்குப் போடுகிற சுடிதாரை எடுத்துப் போட்டு, தலையை வாரிக் கட்டினேன். எட்டு மணிக்கு இரண்டாம் பூசை. அதிலும் வாசிப்பார்கள். அதற்குள் கோயிலுக்குப் போய்விட வேண்டும். "எங்கன போற?" என்று அம்மா கையைப் பிடித்தாள். "நீ போய்ச் சொன்னா நாமதான் நிறுத்துனதா ஆயிரும். சொன்னாக் கேளு!" நான் கையை உதறிவிட்டு வெளியே வந்தேன். பத்து நாளைக்குப் பிறகு வெயில். கண் கூசியது.

முதல் பூசை முடிந்து ஊரே எதிரில் வந்துகொண்டிருந்தது. அத்தனை பேர் காதிலும் மூன்றாம் ஓலை. எதிர்வீட்டு அக்கா தூரத்திலேயே என்னைப் பார்த்துவிட்டு முக்காட்டை இழுத்துவிட்டு ஓடி வந்தாள். இரண்டு கன்னத்தையும் பிடித்துக்கொண்டாள்.

"சமாதானமாயிட்டா? மாதாவே! நான் என்னென்னமோ கேள்விப்பட்டேன்ளா. கெடக்கட்டும், காதலுன்னா சண்டை வரத்தான் செய்யும்."

இன்னொருவர் கைகொடுத்தார். ஒரு கிழவர், மாப்பிள்ளைக்கு மோதிரம் எடுத்தாச்சா என்றார். இவ்வளவு நாளும் குரலை இறக்கிக்கொண்டு போனவர்கள் எல்லாரும் என் பேரைச் சொல்லிச் சத்தமாகக் கூப்பிட்டார்கள். நான் இல்லை என்று சொல்லியிருக்க வேண்டும். சொல்லவில்லை. சிரித்தேன். வெட்கங்கெட்ட மனசு, அந்தத் தெருவின் நீளத்துக்கு நான் மறுபடியும் கல்யாணப் பெண்ணாக நடந்தேன். இப்படியே திரும்பி வீட்டுக்குப் போய்விட்டால் என்ன? அம்மா சொல்கிறது தப்பா? எத்தனையோ பேர் இப்படித்தானே கட்டினார்கள், பிள்ளை குட்டி பெற்றார்கள்? கால் மெதுவாகப் போனது.

தெருமுனையில் மாதா சிலை வைத்த கெபி. அங்கே வந்தபோது கையில் இருந்த போன் அடித்தது. அவன் பேர். பத்து நாளாக எந்தப் பேருக்காகக் காத்துக் கிடந்தேனோ அந்தப் பேர். கெபிச் சுவரைப் பிடித்துக்கொண்டு எடுத்தேன்.

"ஏளா" என்றான். அந்த ஒரு வார்த்தைக்கே எனக்குக் கண் நிறைந்துவிட்டது.

"நான் வாசிக்கச் சொல்லல" என்றேன்.

"யாரு சொன்னா என்ன, வாசிச்சாச்சு. அம்மா அழுதுக்கிட்டு இருக்கா. இனி நிறுத்துனா ஊருல தலைகாட்ட முடியாதாம்." பிறகு, "சரி, கட்டிக்கிடுவோம்" என்றான்.

"உனக்கு இஷ்டமா?"

"எனக்கு என்ன. கட்டிக்கிடுதேன். பழகிரும்."

பழகிரும். தோணிப் பலகையில் நடக்காமல் குதித்து வந்தவன் சொல்கிறான், பழகிரும் என்று. எனக்குள் இருந்த அழுகை எல்லாம் அப்படியே நின்று, கோபம் தலைக்கு ஏறியது.

"ஏலே, பழகுறதுக்கு நான் என்ன புதுச்செருப்பா?" என்றேன். அவனை அதுவரைக்கும் 'லே' போட்டுப் பேசினதில்லை. "கால் கடிச்சாலும் போட்டுக்கிட்டு நடப்பியோ? எனக்கு ஒண்ணும் உன் தயவு வேண்டாம்."

"நீதான வேணும்னு நின்ன? இப்பம் நானே வாரேன்னு சொல்லுதேன்—"

"நீ வரல. உங்க அம்மா தள்ளிவிடுதா, ஊரு தள்ளிவிடுது. எனக்கு நீ வேணும். தள்ளிவிட்டவன் வேண்டாம்."

போனை வைத்துவிட்டேன். அவன் எனக்கு வேண்டும் என்பதில் அப்போதும் ஒரு சந்தேகமும் இல்லை. உடம்பெல்லாம் அவன்தான் வேண்டும் என்று கத்தியது. சரி என்று ஒரு வார்த்தை சொன்னால் போதும், அடுத்த வாரம் அவன் என் வீட்டுக்காரன். ஆனால் தினமும் காலையில் என்னைப் பார்த்து அவன் முகம் வாடுவதைப் பார்த்துக்கொண்டு நான் காப்பி ஆற்றிக் கொடுக்க வேண்டும். தோணி கிளம்புகிற நாளில் அவன் முகம் தெளிவதையும் பார்க்க வேண்டும். அது என்னால் ஆகாது. மெதுவாகப் போன கால் இப்போது வேகமாகப் போனது.

சின்னச் சாமி கோயிலுக்குப் பின்னால் இருக்கிற சாக்ரீஸ்து அறையில் அடுத்த பூசைக்கு உடுப்பு மாற்றிக்கொண்டிருந்தார். என்னைவிட இரண்டு வயது இளையவராக இருப்பார். என்னை அவருக்குத் தெரியாது.

"தோத்திரம் சாமி. மூணாவது ஓலை வாசிச்சீங்கல்லா, அந்தப் பொண்ணு நான்தான்."

அவர் முகம் மலர்ந்தது. "வாழ்த்துகள்மா!"

"தடை இருக்கு சாமி. அத அறிவிக்க வந்தேன்."

மனிதர் கையில் எடுத்த அங்கியை அப்படியே பிடித்துக்கொண்டு நின்றார். இதற்கு என்ன செய்ய வேண்டும் என்று குருமடத்தில் சொல்லிக்கொடுத்திருப்பார்கள். யாரும் உண்மையிலேயே வந்து நிற்பார்கள் என்று சொல்லிக்கொடுத்திருக்க மாட்டார்கள். "என்ன தடைம்மா? சொந்தமா? முறை இல்லையா?"

"எனக்குச் சம்மதம் இல்ல."

"பெரியவங்க வரலையா? பங்குச்சாமி வரட்டுமே. ரெண்டு வீட்டையும் கூப்பிட்டு வச்சுப் பேசுவாரு. இப்ப இந்தப் பூசையில வாசிக்காம விட்டுடறேன், பேச்சும் வராது."

"வாசிக்காம விட்டா மறந்துட்டீங்கன்னு நினைப்பாக சாமி. காலையில கேட்ட ஊரு முழுக்க இப்பமும் கேக்கணும். கல்யாணம் இல்லன்னு மைக்குல சொல்லுங்க."

"அந்தப் பையன் வீட்ல கேக்காம எப்படிம்மா…"

"தடை இருக்குன்னு தெரிஞ்சவங்க அறிவிக்கக் கடமைப்பட்டிருக்காங்கன்னு நீங்கதான வாசிச்சீங்க? அறிவிச்சுட்டேன். இனிமே உங்க கடமை."

குரல் உயர்ந்துவிட்டது போல. வெளியே பெஞ்சு துடைத்துக்கொண்டிருந்தவர்கள் எட்டிப் பார்த்தார்கள். சாமியார் பெருமூச்சு விட்டார். "சரி. பெண் வீட்டார் கேட்டுக்கொண்டதன்படின்னு சொல்லிடறேன்" என்றார்.

"பெண் வீட்டார்னு சொல்லாதீங்க. எங்க அம்மா ஒண்ணும் கேட்டுக்கிடல, அவளுக்கு இதுல பங்கு இல்ல. பெண் கேட்டுக்கொண்டதாலன்னு சொல்லுங்க."

அவர் அங்கியை மேசையில் வைத்தார். "உங்க மேலதான் பழி வரும்மா."

"வரட்டும் சாமி. இவ்வளவு நாளும் அது யாரு தலையிலன்னு தெரியாமத்தான எல்லாரும் கஷ்டப்பட்டாக."

வீட்டுக்குப் போகவில்லை. இரண்டாம் பூசைக்கு நடுப் பெஞ்சில், எல்லாரும் பார்க்கிற இடத்தில் போய் உட்கார்ந்தேன். எதிர்வீட்டு அக்கா முதல் பூசை பார்த்துவிட்டுப் போனவள், நான் வீட்டுக்குத் திரும்பாததைப் பார்த்துவிட்டு மறுபடியும் வந்து பக்கத்தில் உட்கார்ந்தாள். அவளுக்கு ஏதோ வாடை அடித்திருக்க வேண்டும். முன் பெஞ்சில் அவன் அம்மா. கண் வீங்கியிருந்தது. என்னைத் திரும்பிப் பார்த்தாள், பிறகு சேலைத் தலைப்பைச் சரி பண்ணிக்கொண்டு முன்னால் திரும்பிவிட்டாள். பிரசங்கத்தில் சாமியார் என்ன சொன்னார் என்று எனக்குத் தெரியாது. நன்மை, அதுதான் நற்கருணை, வாங்க எல்லாரோடும் எழுந்தேன். போய் வாங்கிவிட்டு வந்தேன்.

அறிவிப்புகள் வந்தன. கல்லறைத் தோட்டம், அன்பியக் கூட்டம். பிறகு அவர் தொண்டையைச் செருமினார். காலைப் பூசையில் மூன்றாம் ஓலை வாசிக்கப்பட்ட, என்று ஆரம்பித்து மறுபடியும் அத்தனை பேர்களையும் சொன்னார். "இந்தத் திருமணம், பெண் கேட்டுக்கொண்டதால், நடைபெறாது."

வெளியே கோபுரத்து ஒலிபெருக்கி வழியாக அது தெருவில் போய்க்கொண்டிருந்தது. எங்கள் குசினிக்கும் போயிருக்கும், ஊரின் அந்தக் கோடியில் அவன் வீட்டுக்கும் போயிருக்கும். அவன் அம்மாவின் தோள் இறங்கியது. அது நிம்மதி என்று பின்னால் இருந்தே தெரிந்தது. பழி அவள் வீட்டுக்கு வரவில்லை.

மடியில் இருந்த போன் அதிர்ந்தது. பூசைக்குள் போனைப் பார்க்கக் கூடாதுதான். பார்த்தேன். அவன்தான். 'தேங்க்ஸ்' என்று ஒரே ஒரு வார்த்தை அனுப்பியிருந்தான்.

கடற்கரையில் அவன் முடியாது என்றபோது நான் இப்படி உடையவில்லை. பழகிரும் என்றபோதும் இல்லை. அந்த ஒரு வார்த்தையில் இருந்த சந்தோசம் என்னைக் கொன்றுவிட்டது. என்னிடமிருந்து தப்பித்ததற்கு எனக்கே நன்றி சொல்கிறான். வாயைப் பொத்திக்கொண்டு பார்த்தேன், அழுகை நிற்கவில்லை. கையை எடுத்துவிட்டு, நடுப் பெஞ்சில் உட்கார்ந்தபடி, ஊர் முழுக்கப் பார்க்கச் சத்தம் போட்டு அழுதேன். பத்து நாளாக ஜன்னலைச் சாத்திக்கொண்டு அழுததெல்லாம் ஒரு அழுகையே இல்லை.

எதிர்வீட்டு அக்கா என் முதுகில் கை வைத்தாள். காதுக்குள் கேட்டாள். "ஏளா, நெசமாவே நீதான் நிறுத்துனியா?"

"ஆமா, நான்தான்."

"பெறகு எதுக்குளா இப்படி அழுவுத?"

"அவன எனக்கு ரொம்பப் பிடிக்கும்க்கா" என்றேன். "அதான்."

அக்கா இந்தத் தடவை குரலை இறக்கவில்லை; கடைசிப் பாட்டை எனக்குப் பக்கத்திலேயே நின்று சத்தமாகப் பாட ஆரம்பித்தாள். எல்லாரும் எழுந்திருந்தார்கள். நானும் மூக்கைச் சிந்திவிட்டு எழுந்து நின்றேன்.